சுயாதீனத் திரைப்படக் கலைஞரின் தொழில்பாதை: முதல் குறும்படத்திலிருந்து இரண்டாம் முழுநீளப் படம் வரை ஒரு முழுமையான வழிகாட்டி

கல்யாண வீடுகளில் புகைப்படம் எடுத்துக்கொண்டிருந்த மணிகண்டன், பிறகு முறையாக ஒளிப்பதிவு கற்று, 2010இல் ‘விண்ட்’ என்ற குறும்படத்தை எடுத்தார். அதைப் பார்த்து அவர் மீது நம்பிக்கை வைத்த வெற்றிமாறன், தனுஷுடன் சேர்ந்து தயாரித்த ‘காக்கா முட்டை’யில் எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு மூன்றும் மணிகண்டனுடையவை. அந்தப் படம் 2014இல் டொரண்டோ விழாவில் முதன்முதலாகத் திரையிடப்பட்டு, சிறந்த குழந்தைகள் படத்துக்கான தேசிய விருதைப் பெற்று, 2015இல் திரையரங்குகளுக்கு வந்தது. பின்னர் ‘கடைசி விவசாயி’யில் தயாரிப்புப் பொறுப்பையும் அவரே ஏற்றுக்கொண்டார். ‘கல்லூரி’, ‘பரதேசி’ போன்ற படங்களின் ஒளிப்பதிவாளராக அறியப்பட்ட செழியன் ‘டு லெட்’ படத்தை இயக்கியபோதும் ஏறத்தாழ இதே வடிவம்தான் தெரிந்தது. இருவருக்கும் இயக்குநர் ஆவதற்கு முன்பே சோறு போடும் ஒரு கைத்தொழில் இருந்தது. படம் வந்த பிறகும் அது கையிலேயே இருந்தது.

முதல் படத்தை எப்படியோ கடன் வாங்கி எடுத்து முடிப்பவர்கள் தமிழில் ஏராளம். இரண்டாவது படம் எடுக்கும் நிலையில் மிஞ்சியிருப்பவர்கள் மிகக் குறைவு. ஆகவே கீழே வரும் ஒவ்வொரு படியிலும், இந்த முடிவு அடுத்த படத்துக்கு எதை மிச்சம் வைக்கிறது என்ற ஒரே கேள்வியை அளவுகோலாக வைத்திருக்கிறேன்.

படி 1: ஒரு கைத்தொழிலை முழுமையாகக் கற்றுக்கொள்ளுதல்

பன்முகத் திறமை என்றவுடன் எழுத்து, கேமரா, எடிட்டிங், இசை, கலரிங் எல்லாவற்றையும் ஒரே ஆள் செய்வது என்று நினைத்துக்கொள்கிறோம். நடைமுறையில் ஒன்றில் பிறர் பணம் கொடுத்து அழைக்கும் அளவுக்குத் தேர்ச்சியும், வேறு இரண்டில் மற்றவர் செய்த வேலையின் தரத்தை அறியும் அளவுக்குப் பழக்கமும் இருந்தால் போதும். எல்லாவற்றையும் அரைகுறையாகத் தெரிந்துகொண்டவரை யாரும் வேலைக்கு அழைப்பதில்லை. தன் படத்தில் எந்த இடத்தில் யாருடைய உதவி தேவை என்பதும் அவருக்குத் தெரிவதில்லை.

தமிழ்த் திரையுலகின் மரபான வழி, சாலிகிராமத்திலோ வளசரவாக்கத்திலோ ஓர் அறை எடுத்துத் தங்கி, உதவி இயக்குநராகச் சில படங்களில் வேலை செய்துவிட்டுத் தயாரிப்பாளர்களிடம் கதை சொல்லப் போவது. ஷெட்யூல் போடுவது, நடிகர்களின் கால்ஷீட்டை ஒழுங்குபடுத்துவது, நூறு பேர் கொண்ட குழுவைச் சமாளிப்பது ஆகியவற்றை அந்த வழி நன்றாகவே கற்றுக்கொடுக்கும். ஆனால் பத்துப் பேரை வைத்துப் படம் எடுக்கப் போகிறவருக்கு அதைவிட எடிட்டிங் மேசை பெரிய பள்ளிக்கூடம் என்பது என் துணிபு. மற்றவர்கள் எடுத்துவந்த ரஷ்ஷை, அதாவது வெட்டாத மூலக் காட்சிகளை, தொடர்ந்து வெட்டி ஒட்டும்போது, எந்த ஷாட் எடுக்கப்படாமல் விடுபட்டது, எந்த ஷாட் வீணாக எடுக்கப்பட்டது என்பது கண்ணில் பட்டுக்கொண்டே இருக்கும். அந்தப் பழக்கம் பின்னாளில் படப்பிடிப்பு நாட்களையே குறைத்துத் தரும்.

நிறுவனத்தில் படிக்க விரும்புவோருக்குத் தரமணியிலுள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனம், புனே திரைப்படக் கல்லூரி, கொல்கத்தாவின் சத்யஜித் ராய் நிறுவனம் ஆகியவை அரசு சார்ந்தவை. கட்டணம் தனியார் கல்லூரிகளைவிடக் குறைவு. சான்றிதழைவிட அங்கே கிடைக்கும் சக மாணவர்களே முக்கியம். உங்கள் முதல் ஒலிப்பதிவாளர் பெரும்பாலும் அந்த வகுப்பிலிருந்துதான் வருவார்.

படி 2: மாதச் செலவுக்கு ஓர் ஏற்பாடு

கல்யாண வீடியோ, நிறுவனங்களுக்கான விளம்பரப் படங்கள், தொண்டு நிறுவனங்களின் ஆவணப்படங்கள், யூடியூப் சேனல்களுக்கு எடிட்டிங், கல்லூரிகளில் காட்சித் தொடர்பியல் வகுப்புகள் என்று வருமானம் வரக்கூடிய வழிகள் பல. இவற்றைக் கௌரவக் குறைவாகக் கருத வேண்டியதில்லை. முகூர்த்த நேரத்தில் ரீடேக் கேட்க முடியாது. தாலி கட்டும் அந்தச் சில நொடிகளில், முன்னால் வந்து நிற்கும் உறவினர் கூட்டத்துக்கு நடுவே, சரியான இடத்தைப் பிடித்து, போகஸ் தவறாமல் எடுத்துப் பழகியவருக்கு, நடிக்கத் தெரியாத ஊர்மக்களை வைத்து ஒரே டேக்கில் காட்சி எடுப்பது புதிய அனுபவமாக இராது.

இங்கே ஓர் ஒழுங்கு வேண்டும். சொந்தப் படத்துக்கென்று தனி வங்கிக் கணக்கு தொடங்கி, ஒவ்வொரு வேலையின் ஊதியத்திலிருந்தும் ஒரு பங்கை அதில் போட்டுவிட வேண்டும். புது கேமரா வாங்குவதை முடிந்தவரை தள்ளிப் போடுங்கள். மாதம் முழுவதும் வெளிவேலை கிடைக்காதவரை வாடகைக் கேமராவே லாபம். ஒலிப்பதிவுக் கருவிகள் அவ்வளவு சீக்கிரம் பழசாவதில்லை என்பதால், ஏதாவது ஒன்றைச் சொந்தமாக வாங்குவதானால் நல்ல மைக்கை வாங்குவது புத்திசாலித்தனம்.

படி 3: குறும்படங்கள்

கலைஞர் தொலைக்காட்சியின் ‘நாளைய இயக்குநர்’ நிகழ்ச்சி வழியாகக் கார்த்திக் சுப்புராஜ், நலன் குமரசாமி, பாலாஜி மோகன் போன்றவர்கள் வந்த காலத்தில், குறும்படம் என்பது தயாரிப்பாளரிடம் காட்டுவதற்கான முகவரிச் சீட்டாக இருந்தது. இன்று ஆயிரக்கணக்கான குறும்படங்கள் இணையத்தில் கிடக்கும் நிலையில், இறுதியில் திருப்பம் வைத்த பத்து நிமிடப் படம் யாரையும் நிமிர்ந்து உட்கார வைப்பதில்லை. நீங்கள் எடுக்க நினைக்கும் முழுநீளப் படத்தின் உலகம், மொழி, ஊர் ஆகியவற்றைத் தொட்டுப் பார்க்கும் சோதனையாகக் குறும்படத்தை அமைத்துக்கொள்வது நல்லது. மேய்ச்சல்காரர் வாழ்க்கையைப் பற்றிய படம் மனத்தில் இருந்தால், அதே ஊரில், அதே வெயிலில், அதே ஆட்களில் இருவரை வைத்து எட்டு நிமிடம் எடுத்துப் பாருங்கள். ஊர் உங்களை ஏற்குமா, அந்த வெளிச்சத்தில் எந்த நேரம் பயன்படும், அந்தப் பேச்சு வழக்கு காதில் எப்படி விழுகிறது என்பதெல்லாம் குறைந்த செலவில் தெரிந்துவிடும்.

ஒரு முன்னெச்சரிக்கை: பல விழாக்கள் ஏற்கெனவே இணையத்தில் பொதுவாக வெளியிடப்பட்ட குறும்படங்களை ஏற்பதில்லை. முதலில் விழாக்களுக்கு அனுப்பி, அந்தச் சுற்று முடிந்த பின் யூடியூபில் போடுவதுதான் சரியான வரிசை. கேரளத்தின் ஆவணப்பட, குறும்பட விழாவும், மும்பை சர்வதேசத் திரைப்பட விழாவும் (மிஃப்) தென்னிந்தியக் குறும்படங்களுக்கு அருகிலுள்ள நல்ல வாசல்கள்.

படி 4: திரைக்கதையும் அதன் பதிவும்

பவுண்ட் ஸ்கிரிப்ட், அதாவது முழுதாக எழுதி முடித்த திரைக்கதை, இல்லாமல் ஒன்லைன் என்ற கதைச் சுருக்கத்தை மட்டும் வைத்துக்கொண்டு படப்பிடிப்புக்குப் போவது பெரிய நிறுவனங்களுக்கே கட்டுப்படியாகாது. சுயாதீனப் படத்தில் திரைக்கதை என்பது செலவுத் திட்டமும் ஆகும். இரவுக் காட்சி ஒன்றைப் பகலுக்கு மாற்றினால் ஜெனரேட்டரும் விளக்குகளும் மிச்சம். மூன்று வீடுகளில் நடப்பதை ஒரே வீட்டுக்குள் கொண்டுவந்தால் இரண்டு நாள் மிச்சம். கதை தாங்கும் இடத்தில் மட்டும் இப்படிச் சுருக்க வேண்டும் என்பதைத் தனியாகச் சொல்லத் தேவையில்லை.

எழுதி முடித்த திரைக்கதையைத் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர்கள் சங்கத்தில் பதிவு செய்யலாம். அல்லது மத்திய அரசின் பதிப்புரிமை அலுவலகத்தில் 500 ரூபாய் கட்டணத்தில் இலக்கியப் படைப்பாகப் பதியலாம். கதை சொல்லப் போகும் ஒவ்வொரு சந்திப்புக்கும் பிறகு, பேசியதைச் சுருக்கி ஒரு மின்னஞ்சல் அனுப்பிவிடுவது, பின்னாளில் தகராறு வந்தால் பதிவுச் சான்றுக்குத் துணையாக நிற்கும்.

படி 5: பணம்

ஷியாம் பெனகலின் ‘மந்தன்’ 1976இல் குஜராத்தின் 5 லட்சம் பால் உற்பத்தியாளர்கள் ஆளுக்கு 2 ரூபாய் கொடுத்ததில் உருவானது. தமிழில் ‘அக்ரகாரத்தில் கழுதை’யை எடுத்த ஜான் ஆபிரகாம், பின்னர் கேரளத்தில் ஒடெஸா என்ற கூட்டியக்கத்தைத் தொடங்கி, ஊர் ஊராகப் படம் காட்டி, மக்களிடம் வசூலித்த பணத்தில் ‘அம்ம அறியான்’ படத்தை 1986இல் முடித்தார். கன்னடத்தில் பவன் குமாரின் ‘லூசியா’ 2013இல் இணையத்தில் திரட்டிய பணத்தில் வந்தது. மூன்றிலும் பணம் கொடுத்தவர்கள் ஏற்கெனவே ஒரு குழுவாகவோ ரசிகர்களாகவோ திரண்டிருந்தார்கள் என்பதைக் கவனிக்க வேண்டும். உங்கள் குறும்படங்களைப் பார்த்த கூட்டம் இல்லாத நிலையில், கூட்டுநிதித் தளத்தில் பக்கம் திறப்பதால் உறவினர்களின் பணம் மட்டுமே வரும்.

மற்ற வழிகள்: ரோட்டர்டாம் விழாவுடன் இணைந்த ஹூபர்ட் பால்ஸ் நிதி எழுத்து நிலையிலேயே உதவுகிறது. தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் கோவாவில் 2007 முதல் நடத்தி வரும் ஃபிலிம் பஜாரில் திரைக்கதைப் பட்டறை, இணைத் தயாரிப்புச் சந்தை, முடிவடையாத படங்களுக்கான பட்டறை எனத் தனித்தனிப் பிரிவுகள் உண்டு. இவற்றுக்கு விண்ணப்பிக்கும்போது இயக்குநர் குறிப்பு என்ற இரண்டு பக்கம், திரைக்கதை அளவுக்கே கூர்ந்து படிக்கப்படுகிறது.

வட்டிக்கு வாங்கும் பணத்தைப் பற்றி ஒரே வார்த்தை: வேண்டாம். திரையரங்க வெளியீட்டுத் தேதி உங்கள் கையில் இல்லாதபோது, மாதாமாதம் ஏறும் வட்டி உங்கள் கழுத்தில் இருக்கக் கூடாது.

வரவுசெலவுத் திட்டத்தில் எல்லோரும் கேமரா வாடகையை முதலில் எழுதுகிறார்கள். சாப்பாட்டிலிருந்து தொடங்குங்கள். 12 பேர் கொண்ட குழுவுக்கு ஆளுக்கு நாளொன்றுக்கு 400 ரூபாய் என்றால், 15 நாளுக்கு 72,000 ரூபாய். இதனுடன் பேட்டா (தினப்படி), தங்குமிடம், வண்டி ஆகியவற்றைச் சேர்த்தால், ஒரு நாள் கூடுதலாகப் படம் பிடித்தால் உண்மையில் எவ்வளவு செலவாகும் என்ற எண் கிடைக்கும். அந்த எண்ணை உதவியாளர் முதல் கேமராமேன் வரை எல்லோரும் அறிந்திருப்பது நல்லது. மொத்தத்தில் பத்தில் ஒரு பங்கை மழைக்கும் காய்ச்சலுக்கும் ஒதுக்கி வையுங்கள். படப்பிடிப்புக்குப் பிந்தைய வேலைகளுக்கான தொகையைத் தனிக் கணக்கில் பூட்டிவிடுங்கள். படப்பிடிப்பு முடிந்து ஹார்டு டிஸ்கில் தூங்கும் படங்களில் பெரும்பாலானவை இந்த இரண்டாம் தொகையைச் செட்டிலேயே செலவழித்துவிட்டவை.

படி 6: படப்பிடிப்பு

சிறிய படங்களின் குறை பெரும்பாலும் காதில்தான் தெரியும். இன்றைய சாதாரணக் கேமராவே திரையரங்குக்குப் போதுமான படத்தைத் தந்துவிடுகிறது. ஒலி அப்படி இல்லை. டப்பிங்குக்குப் பழகிய தமிழ்ச் சூழலில், ‘அப்புறம் பார்த்துக்கலாம்’ என்று ஒலியை விட்டுவிடும் வழக்கம் இன்னும் இருக்கிறது. தொழில்முறை நடிகர் டப்பிங் அறையில் தன் நடிப்பை மீட்டெடுப்பார். ஊர்க்காரர் ஒருவரை நடிக்க வைத்தால், வயலில் நின்று அவர் சொன்ன சொல்லின் மூச்சை ஏசி அறைக்குள் மறுபடி வரவழைக்க முடியாது. பி.எஸ். வினோத்ராஜின் ‘கொட்டுக்காளி’ பின்னணி இசையே இல்லாமல், படப்பிடிப்பிடத்து ஒலியை நம்பி நின்றதையும் இங்கே நினைவில் கொள்ளலாம்.

ஒரு டீக்கடைக் காட்சியை எடுத்துக்கொள்வோம். வசனம் தொடங்கும் முன் ஒலிப்பதிவாளர் ஹெட்போனை மாட்டிக் கண்ணை மூடிக் கேட்பார். கடைக்குள் ஃபிரிட்ஜின் உறுமல், மேலே மின்விசிறி, பக்கத்துக் கடை ரேடியோவில் சினிமாப் பாட்டு. மின்விசிறியை நிறுத்தலாம். ரேடியோவை அவசியம் நிறுத்த வேண்டும். இரைச்சலைவிடப் பெரிய சிக்கல், அந்தப் பாட்டு உங்கள் ஒலித்தடத்தில் விழுந்தால் அதற்கு உரிமை வாங்க வேண்டியிருக்கும். ஃபிரிட்ஜை நிறுத்தும்போது உங்கள் வண்டிச் சாவியை அதற்குள்ளேயே வைத்துவிடுங்கள். வேலை முடிந்து பேக்கப் ஆகிக் கிளம்பும்போது சாவியைத் தேடுவீர்கள், அப்போது ஃபிரிட்ஜை மறுபடி போடும் நினைவும் வரும். கடைக்காரரின் பால் பாக்கெட்டுகள் கெடாது, அடுத்த முறை அந்தத் தெருவுக்குள் நுழைய முடியும். காட்சி முடிந்ததும் யாரும் பேசாமல் அந்த இடத்தின் வெறும் ஒலியை அரை நிமிடம் பதிவு செய்யுங்கள். எடிட்டிங்கில் வசனங்களுக்கு இடையே ஒட்டுத் தெரியாமல் பூச அந்த அரை நிமிடம் தவிர வேறு மருந்து இல்லை.

தொழில்நுட்ப விஷயம் ஒன்று. கல்யாண வீடியோக்களுக்கு வினாடிக்கு 25 அல்லது 50 ஃபிரேம் வைத்துப் பழகியவர்கள், சொந்தப் படத்தை 24 ஃபிரேமில் எடுக்கிறோமா என்று முதல் நாளே பார்க்க வேண்டும். திரையரங்கப் பிரதிக்கு 24தான் வழக்கம். எடுத்த காட்சிகள் அன்றிரவே மூன்று பிரதிகளாக வேண்டும். அவற்றில் ஒன்று வேறு வீட்டில் இருக்க வேண்டும்.

நடிப்பவர், இடத்தின் உரிமையாளர், இசையமைப்பாளர், ஒளிப்பதிவாளர் என அனைவரிடமும் ஒரு பக்க ஒப்பந்தமாவது கையெழுத்தாக வேண்டும். நண்பன்தானே என்று விட்ட இடத்தில்தான், படம் விற்கும் நேரத்தில் ஓடிடி நிறுவனத்தின் வழக்கறிஞர் விரலை வைப்பார். ஆடோ மாடோ கதையில் நடித்தால், விலங்கு நல வாரியத்தின் முன் அனுமதியையும் மறக்கக் கூடாது. தணிக்கையில் அந்தச் சான்றைக் கேட்பார்கள்.

படி 7: எடிட்டிங் முதல் முதல் பிரதி வரை

நீங்களே எடிட்டராக இருந்தாலும் முதல் எடிட்டுக்குப் பின் சில வாரம் விலகியிருந்துவிட்டு, இறுதி எடிட்டுக்கு மற்றொரு எடிட்டரை உட்கார வையுங்கள். வெயிலில் மலையேறி எடுத்த ஷாட் என்பதற்காக அதை வெட்ட மனம் வராது; அவருக்கு அந்த வெயில் தெரியாது. ஆங்கிலத் துணைவசனத்தைக் கடைசி வாரத்தில் எழுதுவது பரவலான வழக்கம். வெளிநாட்டு விழாத் தேர்வாளர்கள் உங்கள் படத்தை அதன் வழியாகத்தான் படிக்கிறார்கள் என்பதால், வட்டாரப் பேச்சு தெரிந்த ஒருவருக்குக் கூலி கொடுத்து எழுதி வாங்குவது நல்ல முதலீடு. டிஐ (நிறத்திருத்தம்), 5.1 ஒலிக்கலவை, டிசிபி (திரையரங்கில் ஓட்டும் டிஜிட்டல் பிரதி) ஆகிய மூன்றையும் ஒரே தொகுப்பாகப் பேசினால் விலை குறையும்.

படி 8: திரைப்பட விழாக்கள்

விழாக்களின் நாட்காட்டி ஏறத்தாழ நிலையானது: ஜனவரி இறுதியில் ரோட்டர்டாம், பிப்ரவரியில் பெர்லின், மே மாதத்தில் கான், ஆகஸ்டில் லொகார்னோ, செப்டம்பரில் டொரண்டோ, அடுத்துப் பூசான், நம் நாட்டில் நவம்பரில் கோவா, டிசம்பரில் திருவனந்தபுரமும் சென்னையும். பெரிய விழாக்கள் உலக முதல் திரையிடலைத் தங்களுக்கே கேட்கும். அவசரப்பட்டுப் பெயர் தெரியாத விழாவில் படத்தைக் காட்டிவிட்டால் அந்த வாசல் அடைபடும். பதிவுக் கட்டணம் வாங்கிக்கொண்டு, அனுப்பும் எல்லோருக்கும் மாதாமாதம் ‘சிறந்த இயக்குநர்’ பட்டம் தரும் இணைய விழாக்கள் பெருகிவிட்டன. அவற்றின் இலைவளைய விருதுச் சின்னங்கள் போஸ்டரை நிரப்புமே தவிர, தொழில் அறிந்த எவரையும் மயக்காது.

விருது வந்தால் வெளியீடு தானாக நடக்கும் என்றும் எண்ணிவிடக் கூடாது. வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ 2021 பிப்ரவரியில் ரோட்டர்டாமின் உயரிய டைகர் விருதை வென்றது. அதே ஆண்டு ஆஸ்கருக்கு இந்தியாவின் பரிந்துரையாகவும் சென்றது. பொதுமக்கள் அதை சோனி லிவ் தளத்தில் பார்த்தது 2023 அக்டோபரில். ‘டு லெட்’ 2017இல் கொல்கத்தா விழாவில் பரிசு பெற்று, அவ்வாண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதையும் பெற்று, 2019 பிப்ரவரியில்தான் திரைக்கு வந்தது. இந்த இடைவெளியில் வீட்டு வாடகையைக் கட்டப்போவது இரண்டாம் படியில் சொன்ன வேலைதான்.

படி 9: தணிக்கை

தணிக்கை வாரியத்தின் சென்னை மண்டல அலுவலகத்துக்கான விண்ணப்பம் இணையவழி நடக்கிறது. 2023ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்துக்குப் பின் யு/ஏ பிரிவு 7, 13, 16 வயதுகளை ஒட்டி மூன்றாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. சான்றிதழுக்குக் காலக்கெடு இல்லை. ‘ஏ’ சான்றிதழ் பெற்ற படத்தை அப்படியே தொலைக்காட்சியில் ஒளிபரப்ப முடியாது என்பதால், சேட்டிலைட் உரிமையை நம்புபவர்கள் திரைக்கதை எழுதும்போதே இதை யோசித்துவிட வேண்டும். மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 2021இல் கலைக்கப்பட்டுவிட்டது. மறுஆய்வுக் குழுவின் முடிவும் ஏற்புடையதாக இல்லையென்றால் உயர் நீதிமன்றம்தான் போக்கிடம், அதற்கான பணமும் காலமும் சிறிய படத்திடம் இருக்காது. தேசிய விருதுக்குரிய ஆண்டு, படம் வெளியான தேதியைக் கொண்டல்லாமல் சான்றிதழின் தேதியைக் கொண்டே கணக்கிடப்படுகிறது என்பதால், டிசம்பரில் சான்றிதழ் வாங்குவதா ஜனவரியில் வாங்குவதா என்பதுகூட ஒரு முடிவுதான்.

படி 10: உரிமைகளும் வெளியீடும்

சுயாதீனக் கலைஞர்கள் மிகக் குறைவாகப் படிப்பதும், மிக அதிகமாக இழப்பதும் இங்கேதான். 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி ஒரு திரைப்படத்தின் ஆசிரியர் அதன் தயாரிப்பாளரே, இயக்குநர் அல்லர். நீங்கள் இயக்கி, ஒளிப்பதிவு செய்து, எடிட் செய்த படத்தில் வேறொருவர் தயாரிப்பாளராகப் பதிவாகியிருந்தால், ஒப்பந்தத்தில் எழுதிக்கொள்ளாத எதுவும் உங்களுடையதன்று. கடைசிக் கட்டத்தில் பணம் போட வருபவரிடம் தயாரிப்பாளர் பெயரை முழுமையாகக் கொடுக்கும் முன், இணைத் தயாரிப்பாளராக உங்கள் பங்கை விழுக்காட்டில் எழுதி வாங்க வேண்டும்.

அதே சட்டத்தின் 19ஆம் பிரிவு உங்களுக்குச் சாதகமானது. உரிமை மாற்றம் எழுத்தில், கையெழுத்துடன் இருந்தால்தான் செல்லும். காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டு என்றும், எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும் என்றும் கொள்ளப்படும். வாங்கியவர் ஓராண்டுக்குள் அந்த உரிமையைப் பயன்படுத்தாவிட்டால், ஒப்பந்தம் வேறுவிதமாகச் சொல்லாதவரை, அது காலாவதியாகும். ‘உலகம் முழுவதும், என்றென்றும், இனி கண்டுபிடிக்கப்படும் எல்லா ஊடகங்களிலும்’ என்ற வரியை ஒப்பந்தங்களில் சேர்ப்பதற்குக் காரணமே இந்தப் பாதுகாப்பைக் கடந்து செல்வதுதான். அந்த வரியை அடித்துவிட்டு, திரையரங்கு, ஓடிடி, தொலைக்காட்சி, வெளிநாடு, விமானம், மறுஆக்கம், டப்பிங் என்று ஒவ்வொன்றையும் தனித்தனியாக, ஆண்டுக் கணக்குடன் எழுதச் சொல்லுங்கள். விலை சற்றுக் குறைந்தாலும், ஐந்தாறு ஆண்டில் படம் உங்களிடமே திரும்பி வரும்.

திரையரங்க வெளியீட்டுக்கு முன் செலவைக் கணக்கிடுங்கள்: டிஜிட்டல் புரொஜெக்‌ஷன் நிறுவனத்துக்கு ஒவ்வொரு திரைக்கும் கட்ட வேண்டிய தொகை, போஸ்டர், பத்திரிகையாளர் காட்சி. நூறு திரைகளில் காலை 11 மணிக் காட்சியில் வருவதைவிட, சென்னை, கோவை, மதுரை போன்ற நகரங்களில் சில திரைகளில் மாலைக் காட்சி கேட்டு வாங்குவது மேல். அதன் பிறகு கல்லூரிகள், திரைப்படச் சங்கங்கள், புலம்பெயர் தமிழர் அமைப்புகள் ஆகியவற்றில் கட்டணத்துடன் திரையிடலாம். திரையரங்கு சாராத இந்தத் திரையிடல் உரிமையை ஓடிடி ஒப்பந்தத்திலும் உங்களிடமே வைத்துக்கொள்ள முடியும். கேட்டால் பெரும்பாலும் மறுப்பதில்லை.

படி 11: இரண்டாம் படம்

முதல் படம் விழாக்களில் சுற்றிக்கொண்டிருக்கும் மாதங்களே இரண்டாம் படத்தின் விதைப்புக் காலம். படம் திரைக்கு வந்து, விமர்சனங்கள் ஓய்ந்த பிறகு எழுதத் தொடங்கினால், உங்களைச் சந்திக்க விரும்பியவர்கள் அடுத்த ஆளைத் தேடிப் போயிருப்பார்கள். விழாவுக்குப் போகும்போதே அடுத்த கதையின் ஒரு பக்கச் சுருக்கம், இயக்குநர் குறிப்பு, வரவுசெலவு மதிப்பீடு, இதுவரை உறுதியான பணம் எவ்வளவு என்ற விவரம் ஆகிய நான்கும் ஒரே கோப்பாகக் கையில் இருக்கட்டும். கடைசி விவரத்தில் பூஜ்யம் என்று எழுத வேண்டியதில்லை. ஒளிப்பதிவையோ எடிட்டிங்கையோ நீங்களே செய்யப்போகிறீர்கள் என்றால், அதற்கான சந்தை ஊதியத்தையும் சொந்தக் கருவிகளின் வாடகையையும் உங்கள் பங்கு முதலீடாகக் கணக்கிட்டு அங்கே எழுதுங்கள். இணைத் தயாரிப்பில் இத்தகைய உழைப்புப் பங்கை முதலீடாக ஏற்பது வழக்கம்தான். ஆனால் முந்தைய வேலைகளுக்கு நீங்கள் கொடுத்த ரசீதுகளைக் காட்டச் சொல்வார்கள் என்பதால், கல்யாண வீடியோ நாட்களிலிருந்தே எல்லாவற்றுக்கும் ரசீது போட்டு வையுங்கள்.